உத்தரவு நிறைவேற்றப்பட்டது, வழக்கு முடிக்கப்படுகிறது

நீதிமன்ற உத்தரவை மதிக்காத ஐ.ஏ.எஸ். அதிகாரிக்குச் சிறை என்று செய்தி வந்தால் போதும், நம் ஊரில் பலருக்கு அன்று பண்டிகைதான். 2025 மே மாதம் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தின் உறுப்பினர் செயலராக இருந்தவருக்குச் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு மாதச் சிறைத் தண்டனை விதித்தபோது, எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் கைதட்டும் பொம்மைகள் வரிசையாக விழுந்தன. "இப்படி நாலு பேரை உள்ளே வைத்தால்தான் மற்றவன் திருந்துவான்" என்று அத்தை மகன் எழுதியிருந்தார். வழக்கு 1983-இல் நெற்குன்றத்தில் எடுக்கப்பட்ட நிலம் பற்றியது. நிலத்தை இழந்த குடும்பத்தின் மனுவை இரண்டு மாதத்துக்குள் முடிவு செய்யுங்கள் என்று 2023-இல் நீதிமன்றம் சொல்லியிருந்தது. அது நடக்கவில்லை. அதனால்தான் தண்டனை. ஆனால் அந்தத் தண்டனை அன்றே அமலுக்கு வரவில்லை. மேல்முறையீட்டுக்கு அவகாசம் கொடுத்தார்கள், அப்புறம் இரு நீதிபதிகள் அமர்வு அதை நிறுத்தி வைத்தது. 2023 ஆகஸ்டில் மதுரைக் கிளையில் பள்ளிக் கல்வித் துறை சம்பந்தப்பட்ட ஒரு வழக்கில் மூன்று அதிகாரிகளுக்கு இரண்டு வாரச் சிறை என்று தீர்ப்பு வந்தபோதும் இதேதான் நடந்தது. தண்டனை தலைப்புச் செய்தியாக வரும், நிறுத்திவைப்பு உள்பக்கத்தில் வரும். கைதட்டியவர்கள் அதற்குள் வேறு செய்திக்குப் போயிருப்பார்கள்.

அந்தக் குழுவில் நான் கைதட்டவில்லை. அதிகாரிகள் மேல் இரக்கம் என்று நினைத்துவிட வேண்டாம். பெரியப்பாவின் வழக்கோடு கொஞ்ச காலம் அலைந்தவன் என்ற முறையில், இந்தச் சிறை, மன்னிப்பு, நேரில் ஆஜர் என்கிற சடங்குகள் எல்லாம் எங்கேயோ தவறான இடத்தைச் சொறிகின்றன என்ற எண்ணம் எனக்கு வந்துவிட்டது. அது இன்னும் அடங்கவில்லை, அதனால்தான் இதை எழுதுகிறேன்.

எட்டு வாரம்

பெரியப்பா ஒரு அரசுத் துறையில் தினக்கூலியாகச் சேர்ந்தவர். பத்து வருடங்களுக்கு மேல் அப்படியே ஓடியது. தொண்ணூறுகளில் பணி நிரந்தரம் ஆகி, பின்னால் ஓய்வும் பெற்றார். 2003 ஏப்ரல் 1-க்கு முன்னால் நிரந்தரம் ஆனவர்களுக்கு, அதற்கு முந்தைய தினக்கூலி, தொகுப்பூதியப் பணிக்காலத்தில் பாதியை ஓய்வூதியத்துக்குக் கணக்கில் சேர்க்கலாம் என்று தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளிலேயே இருக்கிறது. யாருக்கு உண்டு, யாருக்கு இல்லை என்ற குழப்பத்தையும் 2019-இல் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு தீர்த்து வைத்துவிட்டது. பெரியப்பாவுடையது எந்தச் சிக்கலும் இல்லாத கேஸ். துறை சேர்க்கவில்லை, அவ்வளவுதான். மனு மேல் மனு கொடுத்துப் பார்த்துவிட்டு, துறைக்கு உத்தரவிடச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டார்.

உத்தரவு சீக்கிரமே வந்தது. மனுதாரரின் கோரிக்கையைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள் உரிய ஆணை பிறப்பிக்க வேண்டும். சென்னை உயர் நீதிமன்றத்தோடு பழக்கம் உள்ள எவருக்கும் இந்த வாக்கியம் மனப்பாடமாக இருக்கும். பெரியப்பா ஸ்வீட் வாங்கி வந்தார். சான்றிட்ட நகல் கையில் வந்ததும் நாலைந்து ஜெராக்ஸ் எடுத்து, பதிவுத் தபாலில் ஒப்புகை அட்டையோடு அனுப்பி, அந்த அட்டை கையெழுத்தோடு திரும்பி வந்ததும் அதை ரேஷன் கார்டு வைக்கும் உறையில் பத்திரப்படுத்தினார். ஜெயித்தாகிவிட்டது என்றுதான் நாங்கள் எல்லோரும் நினைத்தோம்.

எட்டு வாரம் போனது. அலுவலகத்தில் கேட்டால், "காப்பி வந்திருக்கு பெரியவரே, ஃபைல் மேலே போயிருக்கு" என்றார்கள். மேலே என்றால் எங்கே என்று யாரும் சொல்லவில்லை. இன்னொரு தடவை போனபோது, துறைத் தலைமையில் விளக்கம் கேட்டிருக்கிறார்கள் என்றார்கள். அதற்கடுத்து, மேல்முறையீடு செய்யலாமா என்று சட்டக் கருத்து கேட்டிருக்கிறது என்றார்கள். கடைசியில் சொன்னதுதான் பெரியப்பாவை உட்கார வைத்துவிட்டது. மேல்முறையீடு என்றால் எல்லாம் நின்றுவிடும் என்றே அவர் நம்பினார். உண்மையில் அப்படிக் கிடையாது. மேல்முறையீடு தாக்கல் செய்ததாலேயே கீழே உள்ள உத்தரவு நின்றுவிடாது, தடையாணை வாங்கினால்தான் நிற்கும். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 41-ஆம் கட்டளையின் 5-ஆம் விதியில் இது கறுப்பு வெள்ளையில் இருக்கிறது. இங்கே மேல்முறையீடு தாக்கல்கூட ஆகவில்லை, செய்யலாமா என்று யோசனைதான் நடந்துகொண்டிருந்தது. யோசனையே தடையாணை மாதிரி வேலை செய்தது.

அந்தப் பிரிவில் இருந்த ஒருவர், நல்ல மனிதர், ஒரு நாள் வெளியே டீக்கடையில் என்னிடம் மனம் விட்டுப் பேசினார். "தம்பி, நான் இதைச் சரியா போட்டு சீக்கிரம் அனுப்பினா எனக்கு யாரும் மெடல் குத்தப் போறதில்லை. ஒரு வருஷத்தைத் தப்பாக் கூட்டிட்டேன்னு வைங்க, ஆடிட்ல என் பேர் வரும். நான் ரிடயர் ஆகும்போது என் பணத்துல பிடிப்பாங்க. லேட்டாப் போனா? ஒண்ணும் ஆகாது." எனக்குச் சட்டப் புத்தகம் எதுவும் இதைவிடத் தெளிவாகச் சொன்னதில்லை. சீக்கிரம் செய்வதில் அவருக்கு ஆபத்து இருக்கிறது, தாமதத்தில் இல்லை. அவர் இடத்தில் நான் இருந்தாலும் கோப்பை மேலேதான் அனுப்புவேன்.

பரிசீலிக்கச் சொல்லும் இந்த உத்தரவுகளைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். இவை எல்லோருக்கும் வசதி. அரசுத் தரப்பு பதில் மனு போட வேண்டியதில்லை, நீதிபதி உரிமை உண்டா இல்லையா என்று தீர்மானிக்க வேண்டியதில்லை, வக்கீலுக்கு ஒரே விசாரணையில் கட்சிக்காரரிடம் காட்ட ஓர் உத்தரவு கிடைக்கிறது. 2008-லேயே உச்ச நீதிமன்றம், அதுவும் தமிழ்நாட்டின் புவியியல் சுரங்கத் துறை சம்பந்தப்பட்ட ஒரு வழக்கில், இந்தப் பழக்கத்தைக் கண்டித்திருக்கிறது. 1982-இல் வேலை போனவர் 2000-இல் மனு கொடுக்கிறார், நீதிமன்றம் பரிசீலிக்கச் சொல்கிறது, செத்துப்போன விவகாரம் அதனாலேயே உயிர் பெற்றுவிடுகிறது. அங்கே சலுகை அதிகமாகப் போனது. எங்கள் மாதிரி ஆட்களுக்கு நஷ்டம் எதிர்ப்பக்கம். இப்படிப்பட்ட உத்தரவை மீறியதாக அவமதிப்பு வழக்குப் போட்டால், நீதிமன்றம் ஒரே ஒரு கேள்விதான் கேட்க முடியும். பரிசீலித்தாயா, இல்லையா? பரிசீலித்து, முடியாது என்று எழுதிக் கொடுத்தாலும் உத்தரவு நிறைவேறியதாகத்தான் அர்த்தம். பிடிக்கவில்லையா, புதிதாக இன்னொரு ரிட் போடு.

யாருடைய தவறு

1971-ஆம் வருட நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் ரொம்பச் சின்னது. உரிமையியல் அவமதிப்பு என்றால் நீதிமன்றத்தின் தீர்ப்பையோ உத்தரவையோ வேண்டுமென்றே மீறுவது, அல்லது நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே முறிப்பது. தண்டனை அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அந்த 2,000 இன்று வரை 2,000-தான். மனதார மன்னிப்புக் கேட்டால் விட்டுவிடலாம். மீறல் நடந்த ஒரு வருடத்துக்குள் நீதிமன்றத்துக்குப் போயாக வேண்டும்.

தண்டனை கிடைத்துப் பேர் பெற்ற வழக்குகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். 1994-இல் உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு உச்ச நீதிமன்றம் ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் விதித்தது. அயோத்தியில் கட்டுமானம் நடக்க விடமாட்டேன் என்று நீதிமன்றத்துக்கு வாக்குக் கொடுத்துவிட்டு நடக்க விட்டதற்காக. 2006-இல் மகாராஷ்டிர வனத்துறையில் அமைச்சராகவும் முதன்மைச் செயலராகவும் இருந்தவர்களுக்கு ஒரு மாதம், மரம் அறுக்கும் ஆலைகளுக்கு உத்தரவை மீறி அனுமதி கொடுத்ததற்காக. 2022-இல் விஜய் மல்லையாவுக்கு நான்கு மாதம், பணத்தைப் பிள்ளைகளுக்கு மாற்றியதை மறைத்ததற்காக. 2025 மே மாதம் ஆந்திராவின் துணை ஆட்சியர் ஒருவரை உச்ச நீதிமன்றம் தாசில்தாராகப் பதவி இறக்கி ஒரு லட்சம் அபராதமும் போட்டது. உயர் நீதிமன்ற உத்தரவு இருந்தும் குண்டூரில் குடிசைகளை இடித்துத் தள்ளியவர் அவர். இவற்றில் எல்லாம் ஒரு கை தெரிகிறது. கையெழுத்துப் போட்ட கை, புல்டோசரை அனுப்பிய கை. வேண்டுமென்றே செய்தார் என்று சொல்ல அங்கே ஓர் ஆள் இருக்கிறார்.

பெரியப்பாவின் கோப்பில் அப்படிப்பட்ட ஆளை நான் எவ்வளவோ தேடிப் பார்த்தேன். பிரிவு எழுத்தர் குறிப்பு வைக்கிறார். கண்காணிப்பாளர் பணிப்பதிவேட்டில் ஒரு பக்கத்தில் கையொப்பம் இல்லை என்று திருப்புகிறார். அது பழைய அலுவலகத்துக்குப் போய், அங்கிருந்து யாரோ சான்று கொடுத்து, திரும்பி வந்து, துறைத் தலைமைக்குப் போகிறது. அங்கே நிதி சம்பந்தப்பட்டது என்று ஒரு கேள்வி எழுகிறது. ஒவ்வொருவரிடமும் சில வாரம். ஒவ்வொருவருக்கும் ஒரு நியாயம். நடுவில் மேலதிகாரி மாற்றலாகிப் போகிறார், புதியவர் வந்து, ஆரம்பத்திலிருந்து விளக்குங்கள் என்கிறார். எல்லோருடைய வாரங்களையும் கூட்டினால் ஒரு முதியவரின் ஆயுளில் கணிசமான துண்டு. ஆனால் தனித்தனியாக யாரையும் நிறுத்தி நீதான் அவமதித்தாய் என்று சொல்ல முடியாது. அவமதிப்பு வழக்கில் அதிகாரியைப் பதவியால் மட்டும் குறிப்பிட்டால் போதாது, பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும். எங்கள் வழக்கில் பெயர் சேர்க்கப்பட்டவர் அந்த நாற்காலியில் வந்து உட்கார்ந்து கொஞ்ச காலம்தான் ஆகியிருந்தது. தாமதத்தின் பெரும்பகுதி நடந்தபோது அவர் வேறு மாவட்டத்தில் இருந்தார்.

நீதிபதிகளுக்கும் இது தெரியும். அதனால்தான் பெரும்பாலும் சிறை வரை போவதில்லை, நேரில் வரச் சொல்கிறார்கள். அதிகாரி கை கட்டி நிற்பதைப் பார்த்தால் நமக்கும் ஒரு திருப்தி. எனக்கு இதில் கொஞ்சமும் மரியாதை இல்லை. ஒரு மாவட்டத்தின் வேலையை விட்டுவிட்டு ஒருவர் நாள் முழுக்க நீதிமன்ற வராந்தாவில் நிற்பதால் அடுத்த ஆளின் கோப்பு இன்னும் ஒரு நாள் தள்ளிப்போகும், வேறொன்றும் நடக்காது. 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அரசு அதிகாரிகளை நேரில் அழைப்பதற்கு ஒரு நடைமுறை வகுத்தது. முதலில் காணொளி, தேவைப்பட்டால்தான் நேரில், உடையைப் பற்றியெல்லாம் பேசக் கூடாது. அலகாபாத் உயர் நீதிமன்றம் உத்தரப் பிரதேச நிதித்துறை அதிகாரிகளைக் காவலில் வைத்த விவகாரத்தில் வந்த தீர்ப்பு அது. அதிகாரிகளுக்குச் சாதகமான தீர்ப்பு என்று சிலர் சலித்துக்கொண்டார்கள். எனக்கு அது சரி என்றே பட்டது.

விசாரணைக்கு வந்த நாள்

அவமதிப்பு மனு போடுவதற்கு முன் எங்கள் வக்கீல் ஒரு நோட்டீஸ் அனுப்பினார். அது போன பிறகு கோப்பு கொஞ்சம் அசைந்ததாகக் கேள்வி. மனு நம்பர் ஆகி, அதாவது நீதிமன்றப் பதிவில் எண் பெற்று, எதிர்த்தரப்புக்கு நீதிமன்றம் அனுப்பும் ஸ்டாட்யூட்டரி நோட்டீஸ் போன பிறகு, அலுவலகத்திலிருந்தே பெரியப்பாவுக்கு போன் வந்தது. வங்கிக் கணக்குப் புத்தகத்தின் முதல் பக்கம் வேண்டுமாம், உடனே வேண்டுமாம். அத்தனை நாள் கண்டுபிடிக்க முடியாத பணிப்பதிவேட்டுப் பக்கத்தின் கையொப்பமும் எப்படியோ கிடைத்துவிட்டது.

விசாரணை நாளில் பெரியப்பா இஸ்திரி போட்ட சட்டையோடு வந்திருந்தார். நீதிபதி தன்னிடம் ஏதாவது கேட்டால் சொல்வதற்காக, எந்தெந்தத் தேதியில் யார் என்ன சொன்னார்கள் என்று ஒரு நோட்டில் எழுதி வைத்திருந்தார். எங்கள் எண் வருவதற்கு மதியம் ஆகிவிட்டது. அரசு வக்கீல் எழுந்து இரண்டு தாள்களை எங்கள் வக்கீலிடம் நீட்டினார். முந்தைய நாள் தேதியிட்ட செயல்முறை ஆணை. தினக்கூலிக் காலத்தில் பாதியைச் சேர்த்து ஓய்வூதியத்தைத் திருத்தி அமைக்க ஆணையிடப்படுகிறது. "உத்தரவு நிறைவேற்றப்பட்டுவிட்டது, மைலார்ட்." நீதிபதி எங்கள் வக்கீலைப் பார்த்தார். அவர் தாளைப் புரட்டிவிட்டுத் தலையாட்டினார். நீதிபதி சொல்லச் சொல்ல எழுதப்பட்டது. உத்தரவு நிறைவேற்றப்பட்டதாகத் தெரிவிக்கப்படுகிறது, அவமதிப்பு வழக்கு முடித்து வைக்கப்படுகிறது. அடுத்த எண் கூப்பிட்டுவிட்டார்கள்.

வெளியே வந்ததும் வக்கீல் கை கொடுத்தார். பெரியப்பா முகமெல்லாம் சிரிப்பு. அந்த நோட்டை மட்டும் கையில் வைத்துக்கொண்டு, "இதை யாரும் கேக்கவே இல்லையே தம்பி" என்றார், குறையாக அல்ல, ஆச்சரியமாக. எனக்கு அங்கேதான் உறைத்தது. எட்டு வாரத்தில் நடந்திருக்க வேண்டியது இவ்வளவு காலம் கழித்து நடந்ததை, அந்த அறையில் எங்கும் யாரும் கணக்கெடுக்கவில்லை. ஆணையில் நிலுவைத் தொகை உண்டு, வட்டி இல்லை. தாமதத்துக்குக் காரணம் என்ன என்று ஒரு வரி கூட இல்லை. நீதிபதியைக் குறை சொல்ல முடியாது. அன்றைய பட்டியலில் எங்களுடையது போல எத்தனையோ இருந்தன, அவர் முன்னால் இருந்த கேள்விக்கு அவர் விடை சொல்லிவிட்டார்.

அந்தக் கேள்வியே நம்முடையது இல்லை என்பதுதான் விஷயம். அவமதிப்பு வழக்கு என்பது சட்டத்தின் பார்வையில் நீதிமன்றத்துக்கும் மீறியவருக்கும் இடையே உள்ள விவகாரம். பெரியப்பா அதில் தகவல் சொன்னவர் மட்டுமே. நீதிமன்றத்தின் மதிப்புக்கு ஏற்பட்ட பங்கம் சரியாகிவிட்டதா, ஆகிவிட்டது. கடைசி நாளுக்கு முந்தைய நாளாவது கீழ்ப்படிந்துவிட்டார்கள். அப்புறம் என்ன? காத்திருந்தவருக்கு ஏற்பட்ட நஷ்டம் அந்த வழக்கின் எல்லைக்கு வெளியே இருக்கிறது. அதற்கு வேறு வழக்கு. அலுவலகங்களுக்கு இது நன்றாகவே புரிந்திருக்கிறது. முதல் உத்தரவு ஒரு சிபாரிசுக் கடிதம். அவமதிப்பு மனு நம்பர் ஆவதுதான் உண்மையான உத்தரவு. அதுவரை எல்லாமே அவகாசம், அதுவும் வட்டியில்லாத அவகாசம்.

நாட்டின் உயர் நீதிமன்றங்களில் ஒரு லட்சத்துக்கும் மேல் அவமதிப்பு வழக்குகள் நிலுவையில் இருப்பதாக ஒன்றிய அரசே நாடாளுமன்றத்தில் சொல்லியிருக்கிறது. ஜெயித்தவர்கள் மறுபடி நிற்கும் வரிசை அது. கீழமை நீதிமன்றங்களில் தனியார் வழக்குகளின் கதை இதைவிட நீளம். அங்கே தீர்ப்பு வாங்கியவர் நிறைவேற்று மனு போட வேண்டும், எல்லோரும் சொல்லும் இ.பி. தமிழ்நாட்டிலிருந்து போன, 1986-இல் தொடங்கிய ஒரு சொத்து வழக்கில் 2025 மார்ச்சில் தீர்ப்புச் சொன்ன உச்ச நீதிமன்றம், ஆறு மாதத்தில் இ.பி.க்களை முடியுங்கள் என்று எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் உத்தரவிட்டது. அப்புறம் கணக்கெடுத்தால் 8 லட்சத்து 82 ஆயிரத்துக்கு மேல் நிலுவை. அது தனியாக எழுத வேண்டிய விஷயம்.

வட்டி

டீக்கடையில் அந்த மனிதர் சொன்னதுதான் எனக்கு வழியும் காட்டியது. அவருக்கு நீதிபதி மேல் பயம் இல்லை, ஆடிட் மேல் பயம் இருக்கிறது. அப்படியானால் தாமதத்தை ஆடிட் பார்க்கும் பொருளாக மாற்ற வேண்டும். தாமதம் ரூபாயாக மாறினால் ஆடிட் கண்ணில் படும்.

இது புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியதும் இல்லை. 1972-ஆம் வருடப் பணிக்கொடைச் சட்டத்தில், பணிக்கொடையை 30 நாளுக்குள் கொடுக்காவிட்டால் வட்டியோடு கொடுக்க வேண்டும் என்று இருந்தது. யாருடைய கெட்ட எண்ணத்தையும் நிரூபிக்கத் தேவையில்லை, நாள் கடந்தால் வட்டி. நிலம் எடுப்புச் சட்டத்தில், இழப்பீடு கொடுக்காமல் நிலத்தைக் கையகப்படுத்தினால் முதல் வருடத்துக்கு 9 சதவீதம், அதற்குப் பிறகு 15 சதவீதம். 15 சதவீதம் என்றதும் கோப்புகளுக்கு ஒரு வேகம் வரும், பார்த்திருக்கிறேன். இதையே ஒவ்வொரு பணப்பலன் உத்தரவிலும் நீதிமன்றம் எழுதிவிடலாம். எட்டு வாரத்துக்குள் கொடுக்காவிட்டால் இந்தத் தேதியிலிருந்து இத்தனை சதவீத வட்டி என்று ஒரே ஒரு வரி. சில நீதிபதிகள் எழுதுகிறார்கள். அந்த வரி இருந்தால் அவமதிப்பு வழக்கு முடிந்தாலும் வட்டி முடியாது, அது உத்தரவோடேயே இருக்கும்.

அத்தை மகனிடம் இதைச் சொன்னபோது உடனே மடக்கினார். வட்டி யார் பணம், நம் வரிப்பணம்தானே, அதிகாரிக்கு என்ன போச்சு என்றார். நியாயமான கேள்வி. 1993-லேயே லக்னோ வளர்ச்சி ஆணைய வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொல்லியிருக்கிறது. அதிகாரிகளின் அலைக்கழிப்பால் பாதிக்கப்பட்டவருக்கு இழப்பீட்டைப் பொதுப் பணத்திலிருந்து முதலில் கொடு, பிறகு பொறுப்பானவர் யார் என்று கண்டுபிடித்து அவரிடமிருந்து வசூல் செய். அந்தக் கண்டுபிடிக்கும் வேலை துறையின் தலையில் விழுகிறது என்பதுதான் இதில் எனக்குப் பிடித்தது. கோப்பு யார் மேசையில் எத்தனை நாள் இருந்தது என்பதைப் பெரியப்பாவால் நிரூபிக்க முடியாது, துறையால் ஒரு மதியத்தில் முடியும். ஒவ்வொரு தாளிலும் தேதி இருக்கிறதே.

ஆனால் தொகை ரொம்பச் சின்னதாக இருந்தாலும் பயனில்லை. ஜம்மு காஷ்மீரில் தினக்கூலித் தொழிலாளர்கள் சம்பந்தமான 2007-ஆம் வருட உத்தரவைப் பதினாறு வருடம் இழுத்தடித்ததற்கு, 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் கடுமையான வார்த்தைகளோடு 25,000 ரூபாய் செலவுத் தொகை விதித்தது. கடுமையான வார்த்தைகளை விட்டுவிட்டுக் கணக்குப் போட்டால் வருடத்துக்கு 1,600 ரூபாய்கூட வரவில்லை. அந்த விலைக்கு எந்த அலுவலகமும் தாமதத்தை வாங்கும்.

பெரியப்பாவிடம் வட்டிக்காக இன்னொரு ரிட் போடலாமா என்று கேட்டேன். வக்கீலும் தயார்தான். "அதுக்கும் பரிசீலிக்கச் சொல்லித்தானே போடுவாங்க, வேண்டாம்ப்பா" என்று சொல்லிவிட்டார். திருத்திய ஓய்வூதியம் ஒழுங்காக வந்துகொண்டிருக்கிறது, அவருக்கு அது போதும். நானும் மேற்கொண்டு வற்புறுத்தவில்லை.

இப்போது தெரிந்தவர்கள் யாராவது ரிட் போடப் போகிறேன் என்றால் நான் இரண்டு விஷயம் சொல்கிறேன். ஒன்று, மனுவில் வேண்டுகோள் எழுதும்போதே வட்டியையும் கேட்கச் சொல்லி வக்கீலிடம் பிடிவாதமாக நில்லுங்கள். கேட்காததை நீதிபதி தானாகக் கொடுப்பது அபூர்வம். இரண்டாவது அந்த ஒரு வருடக் கெடு. எட்டு வாரம் முடிந்த நாளைக் காலண்டரில் குறித்து வையுங்கள், ஒரு வருடம் அங்கிருந்து ஓட ஆரம்பித்துவிடும். மேலே போயிருக்கிறது, அடுத்த மாதம் ஆகிவிடும், அப்பீல் போகப் போகிறார்கள் என்று அலுவலகத்தில் எவ்வளவு இதமாகச் சொன்னாலும் அந்த ஓட்டம் நிற்பதில்லை. அரசு தன் மேல்முறையீட்டைக் காலம் கடந்து கொண்டுவந்து தாமதத்தை மன்னிக்கக் கேட்கும், பல நேரம் அது கிடைக்கவும் செய்யும். 2012-இல் அஞ்சல் துறையின் 427 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னிக்க மறுத்தது இன்றும் எடுத்துக்காட்டாகப் பேசப்படுகிறது என்றால், அப்படி மறுப்பது எவ்வளவு அரிது என்று பார்த்துக்கொள்ளுங்கள். உங்களுடைய ஒரு வருடத்துக்கு அந்தத் தாராளத்தை எதிர்பார்க்காதீர்கள். பத்தாவது மாதத்திலாவது வக்கீல் முன்னால் போய் உட்கார்ந்துவிடுங்கள்.